கோணல் மூக்கும் ராமசாமியும்

கேமரன் என்பது ஒரு ஸ்காட்லாந்துக் குலப்பெயர். கேலிக் மொழியில் அதற்குக் 'கோணல் மூக்கு' என்று பொருள் சொல்கிறார்கள். எந்தக் காலத்திலோ ஒரு மனிதனின் மூக்கைப் பார்த்து ஊரார் வைத்த பட்டப்பெயர் அவன் வம்சத்துக்கே பெயராகியிருக்கிறது. பிறகு 1885இல் பகாங் மலைகளை அளக்க வந்த வில்லியம் கேமரன் என்ற நில அளவையாளர் வழியாக ஒரு மேட்டுநிலம் முழுவதற்கும் பெயராகிவிட்டது. நம்ம வழக்கில் சொன்னால் அது கோணமூக்கன் மலை. ஆனால் கேமரன் மலை என்று சொல்லும்போது யாருக்கும் மூக்கு ஞாபகம் வருவதில்லை. குளிர் வருகிறது, ஸ்ட்ராபெரி வருகிறது, தேயிலைச் சரிவில் எடுத்த செல்ஃபி வருகிறது. வேர் ஒரு பக்கம் கிடக்க, பெயர் தன் பாட்டுக்கு வேறொரு வாழ்க்கை வாழ்கிறது.

தமிழில் பெயர்களைப் பற்றி வரும் எழுத்துகளில் பெரும்பகுதி இந்த வேரைத் தேடுவதோடு நின்றுவிடுகிறது. இது தமிழா வடமொழியா, பகுதி எது, விகுதி எது, பொருள் என்ன என்று பட்டியல் போட்டு முடித்துவிடுவார்கள். குழந்தைப் பெயர்ப் புத்தகங்களும் அதைத்தான் செய்கின்றன, தனித்தமிழ் அன்பர்களின் கட்டுரைகளும் அதைத்தான் செய்கின்றன. இரண்டையும் விரும்பிப் படிப்பவன்தான் நான். இருந்தாலும் ஒரு குறை உண்டு. பெயரின் பொருளை வேர்ச்சொல்லில் கண்டுபிடிப்பது பாதி வேலை. அந்தப் பெயரால் யார் யாரைக் கூப்பிட்டார்கள், யார் அதைத் தாளில் எழுதினார்கள், அதை மாற்றும் உரிமை யாரிடம் இருந்தது என்று பார்ப்பது மீதிப் பாதி. இந்த மீதியைப் பேசுவதற்குக் கேமரன் மலைத் தேயிலைத் தோட்டங்களைவிட நல்ல இடம் எனக்குத் தெரியாது. என் அம்மா வழிக் குடும்பம் அங்கே லயத்து வீட்டில் இருந்தது என்பதும் ஒரு காரணம்.

*

தேயிலை என்ற சொல்லிலேயே தொடங்கலாம். 'தே' என்பது தென்சீனத்து ஹொக்கியன் பேச்சில் அந்தச் செடிக்கான பெயர். மலாயிலும் அது 'தே'தான், ஆங்கிலத்தில் 'டீ'. நாம் அதோடு நம்ம இலையை ஒட்டிக்கொண்டோம். 1929இல் ஜே.ஏ. ரஸ்ஸல், இலங்கையில் தேயிலை அனுபவம் பெற்ற ஏ.பி. மில்னோடு சேர்ந்து இந்த மலையில் தொடங்கிய தோட்டத்துக்கு 'போ' என்று பெயர் வந்தது. சீனத்து வூயி மலையில் விளைந்த தேயிலையை ஆங்கில வணிகர்கள் 'போஹீ' என்றார்கள், அதன் சுருக்கம்தான் இது என்பது ஒரு விளக்கம். மேட்டுநிலத்தில் மிகச் சிறந்தது என்ற பொருளில் வரும் ஆங்கிலத் தொடரின் முதலெழுத்துகள் என்பது மக்கள் சொல்லும் விளக்கம். தமிழ்க் காதுக்கு இரண்டும் தேவையில்லை. போ என்றால் போ. விடியற்காலையில் பெரட்டுக் களத்தில் நின்று, பேர் கூப்பிட்டதும் கூடையோடு சரிவுக்குப் போனவர்களுக்கு அது கட்டளை மாதிரியே கேட்டிருக்கும் என்று நினைத்துக்கொள்வேன். மொழியியலில் இதற்கு மதிப்பு கிடையாது. ஆனால் அந்தப் பெயரை நாள் முழுக்கக் கேட்டவர்களின் காது மொழியியல் படித்த காது கிடையாது.

'பரேட்' என்ற ஆங்கிலச் சொல்தான் தோட்டத்தில் பெரட்டு ஆனது. அங்கே ஆள் கணக்கு எழுதும் பேரேடு செக்ரோல். எழுதியவர் கிராணி. அந்தக் காலத்து மலாயாத் தோட்டங்களில் கிராணிமார் பலர் மலையாளிகள் அல்லது யாழ்ப்பாணத் தமிழர்கள். பேர் சொன்னவர்களோ தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து கங்காணி வழியாக வந்தவர்கள், பெரும்பாலும் எழுதப் படிக்கத் தெரியாதவர்கள். ஒருவர் வாயிலிருந்து இன்னொருவர் காதுக்கு, அந்தக் காதிலிருந்து மூன்றாவது மொழியின் எழுத்துக்கு. மலேசியத் தமிழர்களின் பெயர்கள் இப்படித்தான் தாளுக்கு வந்தன.

லட்சுமியை எடுத்துக்கொள்ளுங்கள். இந்தியாவில் அதை ஆங்கிலத்தில் எல், ஏ, கே, எஸ், எச் என்று தொடங்குவார்கள். மலேசிய அடையாள அட்டையில் எல், இ, டி, சி, எச் என்று தொடங்கும். முதலாவது சமஸ்கிருதச் சொல்லைக் கண்ணால் பார்த்து எழுதியது. இரண்டாவது 'லெட்சுமி' என்று சொன்ன ஒரு பெண்ணின் குரலைக் காதால் கேட்டு எழுதியது. நம்ம ஆட்கள் இதை எழுத்துப்பிழை என்று சொல்லிச் சிரிப்பார்கள். தோட்டத்துப் பேச்சுக்கு ஒலிப்பதிவு எதுவும் எடுக்கப்படாத காலத்தில், இந்த எழுத்துக்கூட்டல்தான் நமக்குக் கிடைத்திருக்கும் ஒலிப்பதிவு என்பது என் கட்சி. ஆங்கிலத்தில் எழுதிய மலேசிய நாவலாசிரியர் கே.எஸ். மணியத்தின் முழுப்பெயர் சுப்ரமணியம் கிருஷ்ணன். நீளமான சுப்ரமணியத்தின் வாலை மட்டும் பிடித்துக்கொண்டு 'மணியம்' என்று கூப்பிடுவது இந்த நாட்டுத் தமிழ். அகராதியில் தேடினால் மணியம் என்பது கோவில் மணியக்காரர் பக்கம் கொண்டுபோய் விட்டுவிடும். இவர்கள் வீட்டுக்கு வழி அங்கே இருக்காது.

செக்ரோல் காதில் விழுந்ததை எழுதியது. காதிலேயே விழாத பெயர்களும் இருந்தன. எங்க பாட்டி ஒரு கதை சொல்வாங்க. கல்யாணமாகிப் புதிதாகத் தோட்டத்துக்கு வந்தவரிடம் கிராணி "புருசன் பேரென்ன?" என்று கேட்டிருக்கிறார். பாட்டி வாயைத் திறக்கவில்லை. புருஷன் பேரைச் சொல்லக்கூடாது. பக்கத்தில் நின்ற இன்னொரு பெண், அவங்களுக்கு அக்கா முறை, எடுத்துக் கொடுத்த பிறகுதான் பேரேட்டில் பேர் ஏறியது. மாமனார் பேரையும் சொல்லக்கூடாது. ஆனால் தலைப்பிள்ளைக்கு வைப்பது மாமனார் பேர்தான். தாத்தாவின் பெயரைத் தாங்கியவன் என்பதால்தான் அவன் பெயரன், பேச்சில் பேரன். ஆக, பெற்ற பிள்ளையை அதன் பேர் சொல்லிக் கூப்பிடவே அம்மாவால் முடியாது. தம்பி, ராசா, பெரியவன் என்று ஒரு வீட்டுப் பேர் தானாக முளைத்துவிடும். எங்க பெரிய மாமாவின் பதிவுப் பேரை என் அம்மாவே பள்ளிக்கூடத்தில் ஆசிரியர் கூப்பிட்டபோதுதான் முதல்தடவை கேட்டாராம்.

பெயரிடுவதில் முன்னோருக்கு என்ன இடம் என்பதில் உலகம் ஒத்துப்போவதே இல்லை. பழைய ஏதென்ஸிலும் மூத்த பேரனுக்குத் தாத்தா பெயர்தான். சீனத்தில் நேர் எதிர்: முன்னோரின் பெயரில் உள்ள எழுத்தைப் பிள்ளைக்கு வைப்பது அவமரியாதை. அஷ்கனாசி யூதர்கள் இறந்துபோன உறவினரின் பெயரை மட்டும் வைப்பார்கள். நாம் பெயரை வைத்துவிட்டு வாயை மூடிக்கொள்கிறோம். இந்த மௌனத்தை எந்தப் பெயர் அகராதியும் பதிவு செய்வதில்லை.

*

இப்போது ராமசாமிக்கு வருகிறேன்.

மலாயாவிலும் இலங்கையிலும் வெள்ளைக்காரத் துரைமாரின் பேச்சில் 'ராமசாமி' என்பது ஒரு ஆளின் பெயராக இருக்கவில்லை. தமிழ்க் கூலி என்பதற்கான பொதுப்பெயராக இருந்தது. முனியாண்டியும் ராமசாமிதான், ஆறுமுகமும் ராமசாமிதான். தென்னாப்பிரிக்காவில் அதன் வால் மட்டும் 'சாமி' என்று புழங்கியது. காந்தி தன் சுயசரிதையில் இதை எழுதியிருக்கிறார். சாமி என்றால் எஜமான் என்று பொருள், கொஞ்சம் தைரியமுள்ள இந்தியர்கள் அதை வைத்தே ஆங்கிலேயரைத் திருப்பிக் கேலி செய்வார்கள் என்கிறார். அமெரிக்க ரயில்களில் புல்மன் பெட்டிகளில் வேலை பார்த்த கறுப்பினப் பணியாளர்கள் எல்லோரையும் பயணிகள் 'ஜார்ஜ்' என்று கூப்பிட்டது இதன் ஒன்றுவிட்ட தம்பி. முதலாளி ஜார்ஜ் புல்மனின் பெயர் அது, பழைய அடிமைகளுக்கு எஜமானின் பெயர் ஒட்டிய மாதிரி.

வேர்ச்சொல் ஆய்வு இந்த இடத்தில் என்ன செய்யும்? ராமன் + சுவாமி, வடமொழி, உடையவன், தலைவன் என்று சொல்லும். ஒவ்வொரு சொல்லும் சரி. ஆனால் ஒரு துரை ஐம்பது பேரைப் பார்த்து 'ஏய் ராமசாமி' என்றபோது அந்தச் சொல்லுக்கு 'உனக்குத் தனியாகப் பெயர் தேவையில்லை' என்பதே பொருள். எஜமான் என்ற சொல்லைக் கொண்டே ஒருவனைக் கூலியாக்கலாம். அகராதிக்கு இது தெரியாது, பெரட்டில் நின்றவனுக்குத் தெரியும்.

1929 என்ற ஆண்டை மறுபடி நினைவுபடுத்துகிறேன். அந்த ஆண்டு பிப்ரவரியில் செங்கல்பட்டில் நடந்த சுயமரியாதை மாநாடு, பெயருக்குப் பின்னால் சாதியைப் போட்டுக்கொள்வதைக் கைவிடச் சொன்னது. ஈ.வெ. ராமசாமி நாயக்கர், ஈ.வெ. ராமசாமி ஆனார். அதே ஆண்டு டிசம்பரில் அவர் மலாயாவுக்குப் பயணம் வந்தார். எந்த நாட்டில் ராமசாமி என்பது கூலிக்கு மறுபெயரோ, அந்த நாட்டில் ஒரு ராமசாமி வந்து இறங்கி, மாலை வாங்கிக்கொண்டு, மேடையேறிச் சுயமரியாதையைப் பேசுகிறார். அதே ஆண்டுதான் ரஸ்ஸல் மலையில் தோட்டம் போடுகிறார். இதை யாராவது நாவலில் எழுதியிருந்தால் ரொம்பப் பொருத்தமாக இட்டுக்கட்டியிருக்கிறார் என்று நானே விமர்சனம் எழுதியிருப்பேன்.

கடவுளை மறுத்தவர், ராமனைக் கடுமையாகத் தாக்கியவர், ராமனையும் சாமியையும் கடைசிவரை தன் பெயரில் வைத்திருந்தார். வெட்டியது நாயக்கரை மட்டும். பெயரில் எந்த இடத்தில் அடுத்தவன் மீது அதிகாரம் இருக்கிறதோ அந்த இடத்தை மட்டும் அவர் வெட்டினார் என்று இதைப் படிக்கிறேன். வேர்ச்சொல் பார்த்திருந்தால் ராமசாமிதான் முதலில் போயிருக்க வேண்டும். 1938இல் சென்னையில் கூடிய பெண்கள் மாநாடு கொடுத்த 'பெரியார்' என்ற பெயர் பின்னால் நிலைத்தது. புருஷன் பேரைக்கூட வாய்விட்டுச் சொல்லாத ஒரு சமூகத்தில், பெண்கள் கூடி ஒரு ஆணுக்குப் பெயர் வைத்தார்கள் என்பதை நாம் போதுமான அளவு வியப்பதில்லை.

தனித்தமிழ் இயக்கம் வேறு வழியில் போனது. வேதாசலம் மறைமலை ஆனார். பின்னால் திராவிட இயக்கத்தில் நாராயணசாமி நெடுஞ்செழியன் ஆனார், ராமையா அன்பழகன் ஆனார். இந்த அலை கடல் தாண்டித் தோட்டத்துப் பள்ளிக்கூடங்களுக்கும் வந்தது. வாத்தியார் சொல்லித் தமிழ்ச்செல்வி, இளங்கோ என்று பேர் வைத்த லயங்கள் உண்டு. அதற்கு முந்திய தலைமுறையில் அங்கே குப்பன், குப்பாயி, பிச்சை, மண்ணாங்கட்டி எல்லோரும் இருந்தார்கள். அகராதி குப்பன் என்றால் குப்பை என்று சொல்லி நின்றுவிடும். முன்னால் பிறந்த பிள்ளைகள் செத்துப்போன வீட்டில், புதுக் குழந்தையைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்து, எமனுக்கு வேண்டாத பொருள் என்று காட்டி வைத்த பேர் அது. மேற்கு ஆப்பிரிக்க யோருபா மக்களிடம் 'கோசோகோ' என்று ஒரு பெயர் உண்டு. மண்வெட்டி இல்லை என்று பொருள். குழி தோண்டக் கருவி கிடையாது, அதனால் செத்துவிடாதே என்கிறார்கள் குழந்தையிடம். சீனக் கிராமங்களில் 'நாய் தின்று மீந்தது' என்று பேர் வைத்ததும் இதற்குத்தான். மூன்று மொழிகளில் மூன்று அசிங்கமான சொற்கள், ஒரே கெஞ்சல்.

குப்பாயியின் மகள் தமிழ்ச்செல்வி. தமிழ்ச்செல்வியின் மகள் தர்ஷினி, யுவனேஷ் மாதிரி 'ஷ்' வைத்த ஏதோ ஒன்று. அதிலும் எண்கணிதம் பார்த்து இரண்டு எழுத்து கூடுதல். தமிழ் ஆர்வலர்கள் இந்தக் கடைசிப் படியைப் பார்த்ததும் கொதிக்கிறார்கள். பொருளே இல்லாத பெயர் என்கிறார்கள். எனக்கும் அந்தப் பெயர்கள் மேல் பெரிய பிரியம் கிடையாது. ஆனால் பெரட்டில் கூப்பிடப்பட்ட பேர் தன் பிள்ளைக்கு வேண்டாம் என்று ஒரு தாய் முடிவு செய்ததன் சத்தம் அந்த 'ஷ்'ஷில் எனக்குக் கேட்கிறது. எந்தக் கிராணியும், எந்தத் துரையும் வாயில் போட்டு மென்றிராத பேர் வேண்டும் அவளுக்கு. அந்தத் தப்பித்தலைக் காதில் வாங்காமல் வேரை மட்டும் சோதிக்கிற விமர்சனம், பேர் வைத்தவளை அவமதிக்கிற வேலையைத்தான் செய்கிறது.

அடையாள அட்டை 1948இல் அவசரகாலத்தோடு வந்தது. இன்று அதில் நம்ம பேருக்கும் அப்பா பேருக்கும் நடுவில் ஒரு 'ஏ', ஒரு சாய்கோடு, ஒரு 'எல்'. பெண்ணென்றால் எல்லுக்குப் பதில் 'பி'. ஆண் பிள்ளை, பெண் பிள்ளை என்பதற்கான மலாய்ச் சொற்களின் சுருக்கம். விமானச் சீட்டில் கோடு விழாது, 'ஏஎல்' என்று ஒட்டிக்கொள்ளும். வெளிநாட்டு விமான நிலையத்தில் அதை அரபுப் பெயர் என்று நினைத்துக் கேள்வி கேட்டவர்களை எனக்குத் தெரியும். இதைச் சொல்லிச் சிரிப்போம். ஆனால் அந்தக் கோட்டுக்கு அந்தப் பக்கம் இருப்பது எப்போதும் அப்பாதான். கொழுந்து கிள்ளிய கைகளில் பெரும்பகுதி பெண்களுடையவை, அவர்கள் பேர் பிள்ளையின் பேரில் எங்கும் இல்லை.

*

இனி இலக்கியம். கேமரன் மலையைக் களமாகக் கொண்டு உலகம் முழுக்கப் படிக்கப்பட்ட நாவல் தான் துவான் எங் எழுதிய 'தி கார்டன் ஆஃப் ஈவ்னிங் மிஸ்ட்ஸ்' (2012). பெயர்களில் மிகவும் கவனமான நாவல் அது. ஜப்பானியத் தோட்டத்துக்கு 'யுகிரி', அந்திமூட்டம் என்று பேர். தேயிலைத் தோட்டத்துக்கு 'மஜூபா', 1881இல் போயர்கள் ஆங்கிலேயரைத் தோற்கடித்த குன்றின் பேர், ஏனென்றால் தோட்டக்காரர் தென்னாப்பிரிக்கப் போயர். ஒவ்வொரு பேருக்கும் பின்னால் ஒரு வரலாறு. அந்த நேர்த்தியை மதிக்கிறேன். கொழுந்து எடுக்கும் தமிழ்ப் பெண்கள் மட்டும் அதில் பெரும்பாலும் நிலக்காட்சியின் பகுதியாகவே கடந்துபோகிறார்கள். இதை ஆசிரியரின் குற்றமாகச் சொல்ல மாட்டேன், அவருடைய கதை வேறு. நம்ம பக்கத்தில் காலியாகக் கிடக்கும் இடத்தை அது காட்டிக்கொடுக்கிறது.

மணியத்தின் 'தி ரிட்டர்ன்' (1981) அந்த இடத்தை வேறு மாதிரி நிரப்பியது. அதில் பாட்டி 'பெரியதாய்', அப்பா 'நைனா'. ஆங்கில வாசகருக்கு அவை பெயர்கள். நமக்கு உறவுச் சொற்கள். பதிவேட்டுக்கு வெளியே மனிதர்கள் ஒருவரையொருவர் எப்படிக் கூப்பிட்டார்களோ அதையே அவர் பெயராக வைத்துவிட்டார். பிரீத்தா சமரசனின் 'ஈவ்னிங் இஸ் தி ஹோல் டே' (2008) ஈப்போவில் ஒரு பணக்காரத் தமிழ் வீட்டின் கதை. தலைப்பே குறுந்தொகை மொழிபெயர்ப்பிலிருந்து வந்தது. அந்த வீட்டு வேலைக்காரப் பெண்ணின் பேர் செல்லம். பேரோடு வேலையையும் ஒரே சொல்லாக ஒட்டி ஆங்கிலத்தில் எழுதுகிறார் ஆசிரியர். நாவல் தொடங்குவதே அவளை வீட்டை விட்டு அனுப்புவதில்தான். எஜமான் என்று பொருள்படும் சாமியைக் கூலிக்கு வைத்த துரைக்கும், செல்லம் என்று கூப்பிட்டுக்கொண்டே ஒரு பெண்ணைத் துரத்தும் தமிழ் வீட்டுக்கும் என்ன வித்தியாசம் என்று அந்த நாவல் என்னைக் கேட்க வைத்தது. அந்த வீட்டில் எல்லோரும் தமிழர்கள். துரை மேல் பழிபோட முடியாது.

தமிழில் எழுதியவர்களின் சாதனை எனக்கு வேறொரு இடத்தில் பெரிதாகத் தெரிகிறது. ஜப்பானியர் காலத்தில் மலாயாத் தோட்டங்களிலிருந்து சயாம் ரயில் பாதைக்குக் கொண்டுபோகப்பட்ட தமிழர்களில் எண்ணற்றோர் திரும்பவில்லை. தாய்லாந்தின் காஞ்சனபுரிப் போர்க் கல்லறையில் ஏறத்தாழ 7,000 நேச நாட்டுக் கைதிகள் வரிசையாகக் கிடக்கிறார்கள், கல்கல்லாகப் பேர் பொறித்து. தமிழ்த் தொழிலாளிக்கு அப்படிக் கல் வரிசை கிடையாது. ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச்சின்னம்' ஆகிய நாவல்களை வடிவத்தை வைத்து மட்டும் எடைபோடுகிறவர்களோடு எனக்கு ஒட்டுவதில்லை. அவற்றில் பாத்திரத்துக்கு ஒரு பேர் வைப்பதே கல் நாட்டுகிற வேலை.

*

1938இல் இந்திய அரசு மலாயாவுக்கு ஆள் அனுப்புவதை நிறுத்தியது. தோட்டத்துப் பிள்ளைகள் படித்து மலை இறங்கிப் போய்ப் பல காலம் ஆயிற்று. இன்று கேமரன் சரிவுகளில் கத்திரியும் இயந்திரமும் பிடிக்கும் கைகளில் பெரும்பாலானவை வங்காளதேசம், நேபாளம், இந்தோனேசியாவிலிருந்து வந்தவை. அவர்களை நாம் என்னவென்று கூப்பிடுகிறோம்? 'பங்களா'. நேபாளியையும் சில நேரம் அப்படித்தான். "ரெண்டு பங்களாவக் கூப்பிடு, மூட்டையத் தூக்கட்டும்" என்று ரிங்லெட் பக்கம் ஒரு காய்கறிக் கொட்டகையில் தமிழ் வாயால் சொல்லக் கேட்டேன். சொன்னவருடைய தாத்தாவை எந்தப் பேரால் கூப்பிட்டிருப்பார்கள் என்று கணக்குப் போட எனக்கு அதிக நேரம் ஆகவில்லை.

வங்காளிகளுக்கு ஆளுக்கு இரண்டு பேர். வெளியுலகத்துக்கும் பத்திரங்களுக்கும் 'பாலோ நாம்', நல்ல பேர். வீட்டிலும் நண்பர்களிடமும் 'டாக் நாம்', கூப்பிடும் பேர். ஜும்பா லாஹிரியின் 'தி நேம்சேக்' நாவல் முழுக்க இந்த இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட ஒரு பையனின் கதை. மாமனார் பேரைச் சொல்லமுடியாமல் ராசா என்று பிள்ளையைக் கூப்பிட்ட நம்ம பாட்டிமாருக்கு இது விளக்கம் இல்லாமலே புரிந்திருக்கும். அந்தச் சரிவில் நிற்பவனுக்கும் முதலாளி பேரேட்டில் ஒரு பேர், அவன் அம்மா ஃபோனில் கூப்பிடும் இன்னொரு பேர். நாம் கூப்பிடுவது இரண்டும் இல்லை.

சமீபத்தில் நான் படித்த சில மலேசியத் தமிழ்ச் சிறுகதைகளிலும் அவன் வருகிறான். கடையில் நிற்கிறான், மூட்டை தூக்குகிறான், சந்தேகத்துக்கு ஆளாகிறான், கதை முடிகிறவரை 'ஒரு பங்களா'வாகவே இருக்கிறான். எழுதியவர்கள் இளைஞர்கள், நல்ல வாசகர்கள். துரைமாரின் 'ராமசாமி'யைக் கண்டித்து அவர்களே கட்டுரையும் எழுதக்கூடியவர்கள். அவர்களிடம் நான் கேட்பது சின்ன விஷயம். அடுத்த கதை எழுதுவதற்கு முன்னால் அவனிடம் போய்ப் பேர் கேளுங்கள். முதலில் நல்ல பேரைச் சொல்வான். கொஞ்சம் பழகின பிறகு இன்னொன்றையும் சொல்லலாம். அதைச் சொல்கிற அளவுக்கு உங்களோடு பழகிவிட்டான் என்றால் கதை பாதி வந்துவிட்டது.